காற்றுப்படையில் சிரிக்கக் கூடாது

காற்றுப்படையில் வேலை என்றால், ஊர் நம்மைக் கரண்ட் இல்லாமல் ஓடுகிற ஃபேன் என்றே முடிவு செய்துவிடும். கல்யாணத்துக்குப் போனால் பந்தியில் உட்கார விடமாட்டார்கள். "அடுப்பாண்ட புகை ஜாஸ்தியா இருக்கு, ஒரு நிமிசம் வந்துட்டுப் போங்க" என்பார்கள். வீட்டில் எலெக்ட்ரீஷியனோ நர்ஸோ இருப்பவர்களுக்கு என் வயிற்றெரிச்சல் புரியும்.

திருவண்ணாமலை மாவட்டத்துக்கே நாங்கள் பன்னிரண்டு பேர்தான். வீசுகிற காற்றை மூச்சோடு இழுத்து நெஞ்சுக்குள் கட்டி வைப்போம். வேண்டிய திசையில் கொஞ்சம் கொஞ்சமாக விடுவோம். கட்டிய காற்றோடு தும்மக் கூடாது, இருமக் கூடாது, முக்கியமாகச் சிரிக்கக் கூடாது. சிரித்தால் மொத்தமும் ஒரே அடியாக வெளியே வந்துவிடும். எனக்கோ சாவு வீட்டில்கூடச் சிரிப்பு வரும். மேலதிகாரி பேசும்போது கன்னத்தின் உட்பக்கத்தைக் கடித்துக்கொண்டு நிற்பவர்களே, நான் உங்கள் கட்சி.

மீன் குழம்பு மனு

எங்கள் ஆபீஸ் வேங்கிக்காலில், கலெக்டர் ஆபீசுக்குப் பின்னால். நான் சேர்ந்த புதிதில் ஒருவர் மனு கொண்டுவந்தார். பக்கத்து வீட்டு மீன் குழம்பு வாசனை தினமும் தன் வீட்டுக்குள் வருகிறதாம், நிம்மதியாகச் சாப்பிட முடியவில்லையாம். போய்ப் பார்த்து, அந்த இரண்டு வீட்டுக்கும் நடுவில் ஓடிய காற்றைத் தெருப்பக்கம் திருப்பிவிட்டு வந்தேன். கைகூப்பி வழியனுப்பினார்.

அடுத்த வாரமே அதே ஆள் வாசலில் நின்றார். முகம் வாடியிருந்தது. சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு மெதுவாகச் சொன்னார்: "மேடம், இப்ப எங்க வீட்டுக் கொழம்பு வாசன மட்டும்தாங்க வருது. தயவுசெஞ்சு பழையபடியே திருப்பி வுட்டுடுங்க."

ஆட்டுக்குத் தலைப்பாகை

கீழ்பென்னாத்தூர் பக்கம் அறுப்பு மெஷின் இறங்க வழியில்லாத கழனி ஒன்று. கையால் அறுத்து, அடித்து, களத்தில் நெல்லைக் குவித்திருந்தார்கள். தூற்றுவதற்குக் காற்று இல்லை. எங்கள் கேப்டன் தமயந்தி மேடமும் நானும் போனோம். நான் மூச்சை நன்றாகக் கட்டிக்கொண்டு மெதுவாக விட ஆரம்பித்தேன். பதர் அழகாகப் பிரிந்து பறந்தது. அதோடு விவசாயியின் தலைப்பாகைத் துண்டும் பறந்து, அவருடைய வெள்ளாட்டின் கொம்பில் மாட்டிக்கொண்டது. ஆடு அதைப் போட்டுக்கொண்டு பஞ்சாயத்துத் தலைவர் மாதிரி களத்தைச் சுற்றி நடந்தது.

சிரித்துவிட்டேன். நெல், முறம், இரண்டு சாக்கு எல்லாம் அடுத்த கழனியில் போய் விழுந்தன. மூன்று பேருமாகச் சாயங்காலம்வரை குனிந்து பொறுக்கினோம். கேப்டன் நிமிர்ந்து, "இன்னொரு தடவ டூட்டில சிரிச்சன்னா, தீபத்துக்கு மலை மேல நீ வரமாட்ட" என்றார். தீபம் ஏற்றும்போது மலையுச்சிக் காற்றைக் கட்டி நிற்பதற்காகத்தான் இந்தப் படையில் சேர்ந்தேன். கீழ்பென்னாத்தூரில் இருக்கும் என் அப்பா தீபத்தன்று முழுக்க விரதம். வரப்பில் நின்று மலையில் தீபம் பார்த்த பிறகுதான் சாப்பிடுவார். இந்த வருடம் தன் மகள் மலை மேல் நிற்பாள் என்று டீக்கடை முழுக்க வேறு சொல்லி வைத்திருந்தார்.

விவசாயி மட்டும் கோபப்படவில்லை. இடுப்பில் கை வைத்துக்கொண்டு கேட்டார்: "ஏம்மா, பதரு பறக்கணும்னுதான் கேட்டோம். நெல்லுக்குமா ஊரு சுத்திக் காட்டணும்?"

குருஜி

ரமணாசிரமம் பக்கம், செங்கம் ரோட்டில் ஒரு பழைய கட்டடத்தை இடித்தார்கள். புழுதி ரோட்டுக்கு வராமல் காற்றைக் கட்டி வைப்பது என் வேலை. எதிரே இருந்த காபிக் கடையின் திட்டில் சம்மணம் போட்டு, கன்னத்தை உப்பிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். ஒரு வெள்ளைக்காரர் வந்தார். என்னையே கொஞ்ச நேரம் பக்தியாகப் பார்த்தார். பிறகு எதிரே சம்மணம் போட்டுத் தானும் கன்னத்தை உப்பிக்கொண்டார். அவரைப் பார்த்து இன்னும் நாலு பேர். கடைக்காரர் நடுவில் ஒரு ஊதுபத்தியும் ஏற்றிவைத்துவிட்டுப் போனார்.

எனக்குச் சிரிப்பு தொண்டைவரை வந்துவிட்டது. அப்பா பசியோடு வரப்பில் நின்று இருட்டு மலையைப் பார்ப்பதாக நினைத்துக்கொண்டேன். சிரிப்பு கீழே இறங்கியது. மறுபடி வந்தது, மறுபடி அப்பாவை நினைத்தேன். கடைசிச் சுவர் விழும்வரை இப்படியே தாக்குப்பிடித்தேன். அதற்குள் முகமெல்லாம் சிவந்துபோயிருந்த அந்த வெள்ளைக்காரர், கற்று வைத்திருந்த தமிழில் திக்கித் திணறிக் கேட்டார்: "குருஜி, மூச்சு எப்போ விடணும்?"

மலை மேல்

தீபத்தன்று கேப்டன் என்னையும் அழைத்துப் போனார். தீபக் கொப்பரையைச் சுற்றிப் பன்னிரண்டு பேரும் வெறுங்காலோடு நின்றோம். எனக்கு எதிரே கேப்டன். கீழே தெருவெல்லாம் தலைகள். ஆறு மணி நெருங்க நெருங்க எல்லாரும் காற்றைக் கட்டினோம். மலையில் ஒரு புல்கூட அசையவில்லை.

கீழே கோயிலிலிருந்து அடையாளம் கிடைத்தது. திரியில் கற்பூரத்தை வைத்தார்கள். அந்தப் புகை நேராக கேப்டன் மூக்குக்குள் போனது. சிரிப்பு, தும்மல் எதுவும் கூடாது என்று எங்களுக்கு வகுப்பெடுத்த தமயந்தி மேடம் மூக்கைப் பிடித்துக்கொண்டார். கண் பிதுங்கியது. ஒரு காலைத் தூக்கினார், மறு காலைத் தூக்கினார், நின்ற இடத்திலேயே கும்மி அடித்தார். நான் அப்பா, அப்பா என்று மனசுக்குள் அலறினேன். திரி பற்றியது. நெய்யில் தீ இறங்கி நன்றாகப் பிடித்துக்கொண்டது. அதற்கு மேல் என்னால் ஆகவில்லை. அவர் தும்மினார், நான் சிரித்தேன்.

விளக்கை ஊதினால் அணையும். கொப்பரைத் தீயை ஊதினால் என்ன ஆகும் என்று அன்றுதான் பார்த்தேன். தீபம் பனைமரம் உயரத்துக்குக் கொழுந்துவிட்டு எழுந்தது. கீழே ஊரே ஒரே குரலில் "அரோகரா" என்றது. நான் சிரித்துக்கொண்டே அழுதேன். கேப்டன் மூக்கைத் துடைத்துக்கொண்டு பக்கத்தில் வந்து, "நீ சிரிச்சத நான் பாக்கல. நான் தும்முனத நீயும் பாக்கல" என்றார்.

மலையிறங்க ஆரம்பித்ததுமே அப்பாவின் போன். அவர் வாயில் சோறு இருந்தது: "இந்த வருசம் தீபம் ரொம்ப ஒசரம் பாப்பா, நான் ரெண்டாந்தரம் சோறு வாங்கிட்டேன்."

அந்த வெள்ளைக்காரர் மறுபடி வந்து மூச்சை எப்போது விட வேண்டும் என்று கேட்டால், தீ நன்றாகப் பிடித்த பிறகு என்று, ஏதோ எல்லாம் தெரிந்து செய்தவள் மாதிரி சொல்லிவிடலாம் என்றிருக்கிறேன்.