தட்டில் போடாத வசனம்

எங்கள் சபையில் புத்தாண்டுக் காலை ஆராதனை முடிந்ததும் வாசலில் ஒரு காணிக்கைத் தட்டை நீட்டுவார்கள். அதில் காணிக்கை இருக்காது, மடித்த சிறு அட்டைகள் இருக்கும். ஒவ்வொன்றிலும் வேதத்திலிருந்து ஒரு வசனம். கையை விட்டு ஒன்றை எடுத்தால், அந்த வருடம் முழுக்கக் கடவுள் நமக்குச் சொல்வது அதுதான். வீட்டுக்குக் கொண்டுபோய்க் கதவின் உள்பக்கம் ஒட்டிவைப்போம். பாறசாலையிலிருந்து காரோடு என்கிற ஊருக்குப் போகிற வழியில் எந்த வீட்டுக் கதவைச் சாத்தினாலும் ஒரு வசனம் இருக்கும் என்று அத்தான், என் அக்காவின் வீட்டுக்காரர், கேலி செய்வார்.

தொண்ணூறுகளில் ஆறு வருடம் அந்த அட்டைகளை எழுதியது நான். பாறசாலையில் ஒரு டைப்ரைட்டிங் வகுப்பில் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தேன், கையெழுத்தும் நன்றாக இருக்கும். போதகர் ஒரே நிபந்தனைதான் வைத்தார். ஆறுதலான வசனம் மட்டும் எழுத வேண்டும். கோபம், தண்டனை, புலம்பல் எதுவும் ஆகாது. வருஷப் பிறப்பும் அதுவுமாக யார் அழுதுகொண்டு வீட்டுக்குப் போவது? எனக்கும் அது நியாயமாகத்தான் பட்டது. வேதத்தில் பாதியை ஒதுக்கிவிட்டு மீதியை நீல மையில் எழுதினேன்.

ஆறாவது வருட அட்டைகளை எழுதிக்கொண்டிருந்தபோதுதான், இரண்டு வீடு தள்ளியிருந்த அக்கா என்னைக் குளியலறைக்குள் கூப்பிட்டு மார்பில் ஒரு கட்டியைக் காட்டினாள். கொட்டைப்பாக்கு அளவு இருந்தது. நெய்யாற்றின்கரை டாக்டர் தொட்டுப் பார்த்தார், திருவனந்தபுரம் ஆஸ்பத்திரிக்கு எழுதிக்கொடுத்தார். ஜனவரி இரண்டாம் வாரம் வரச் சொன்னார்கள். அக்கா சோற்றை அளைந்துவிட்டு எழுந்துவிடுவாள். மகளுக்குப் போட்ட பின்னலையே அவிழ்த்து மறுபடியும் பின்னுவாள். எனக்கு அதைப் பார்க்கப் பொறுக்கவில்லை.

அதனால் ஒரு வேலை செய்தேன். சுகமும் நீண்ட ஆயுளும் தருவதாக வருகிற ஒரு வசனத்தை எழுதி, அட்டையின் மூலையை லேசாக மடக்கிவைத்தேன். தட்டைப் பிடிக்கிற பொறுப்பையும் கேட்டு வாங்கினேன். அக்கா வந்ததும் மடக்கின மூலை அவள் விரலுக்கு நேராக வரும்படி தட்டைத் திருப்பினேன். எடுத்தாள், வாசித்தாள், அங்கேயே அழுதாள். ஒரு மாதமாகக் காணாத தெளிச்சம் முகத்தில் வந்தது. எனக்குப் பெருமை. தைரியம் வந்துவிட்டது, இனி ஆஸ்பத்திரிக்குக் கிளம்பிவிடுவாள் என்று நினைத்தேன்.

குறித்த நாளில் ஒரு பையில் மாற்றுச் சேலை மடித்துவைத்து, நான் அவள் வீட்டு வாசலில் போய் நின்றேன். அவள் அடுப்பில் மரச்சீனிக் கிழங்கு அவித்துக்கொண்டிருந்தாள்.

“நான் வரல்ல,” என்றாள். “சொல்லியாச்சே. பின்னே என்னத்துக்குப் போணும்?”

“எக்கா, டாக்டரும் பாக்கட்டு. ரெண்டும் நடக்கட்டு.”

“கர்த்தர் சொன்னதுக்கு மேல டாக்டரு என்னத்தச் சொல்லுவாரு? நீதானே எழுதுற, உனக்கு விசுவாசம் இல்லியா?”

அந்த வாரம் உபவாசக் கூட்டத்தில் எழுந்து, கர்த்தர் தனக்குச் சுகம் வாக்குத் தந்தார் என்று சாட்சி சொன்னாள். போதகர் அல்லேலூயா என்றார், சபை அல்லேலூயா என்றது, நானும் வாயை அசைத்தேன். அன்றே சொல்லியிருக்கலாம். எக்கா, கர்த்தர் வைக்கவில்லை, நான்தான் வைத்தேன் என்று. சொல்லவில்லை. அவள் முகம் மறுபடியும் இருண்டுபோகுமே என்று பயந்ததாகப் பிறகு எல்லோரிடமும் சொல்லியிருக்கிறேன். அது பாதி உண்மை. தட்டில் கள்ளத்தனம் பண்ணினவள் என்று சபை என்னைப் பேசுமே என்பதுதான் பெரிய பயம். அதை இன்றைக்குத்தான் எழுதுகிறேன்.

கட்டி வளர்ந்தது. ஆடியில், கர்க்கடக மாதம் பிறந்ததும், அடுத்த வீட்டு டீச்சர் விளக்கேற்றிப் புராணம் வாசிக்கத் தொடங்கினார். மலையாளம் சொல்லிக்கொடுத்து ரிட்டயர் ஆனவர். அவர்கள் வீட்டிலும் ஒரு வழக்கம் உண்டு. ஒருவரை மனதில் நினைத்து, கண்ணை மூடிப் புத்தகத்தைப் பிரித்து, திறந்த பக்கத்தில் பலன் பார்ப்பார்கள். அக்காவுக்காகப் பார்த்தார். ஏட்டைப் புரட்டிவிட்டு, “நல்லதாணு மோளே, எல்லாம் நன்னாயி வரும்,” என்றார். பிறகு பஸ்ஸுக்கு நிற்கும்போது என்னிடம் மட்டும் மெல்லச் சொன்னார். வந்தது மகனை இழந்த தகப்பன் அழுகிற பக்கமாம். அதை விட்டு இரண்டு ஏடு தள்ளிப் பலன் சொன்னாராம்.

அவர்மேல் எனக்கு வந்த கோபத்தைச் சொல்லி முடியாது. என்மேல் வர வேண்டியது, போக இடமில்லாமல் அவர்மேல் போயிற்று.

ஓணம் கழிந்து கட்டி உடைந்த பிறகுதான் அக்கா திருவனந்தபுரம் வந்தாள். அந்த டாக்டர் சின்ன வயதுப் பெண். ஜனவரியில் வந்திருந்தால் என்று தொடங்கி, அக்காவின் முகத்தைப் பார்த்ததும் நிறுத்திக்கொண்டாள். அவள் ஒருத்திதான் எங்களிடம் பொய் சொல்லாதவள்.

வீட்டுக்குத் திரும்பியதும் ஆறுதல் சொல்ல ஆள் வரத்து தொடங்கியது. சோதிக்கிறவர் தப்பிக்கவும் வழி வைப்பார் என்பார்கள் சபைக்காரர்கள். உடம்புதான் போகும், உயிருக்கு அழிவில்லை என்பார்கள் டீச்சர் வீட்டுக்கு வருகிறவர்கள். காஞ்சிரங்குளத்திலிருந்து வந்த ஒரு மாமி, எல்லாம் நன்மைக்குத்தான் என்று சொல்லிவிட்டு இரண்டாவது டம்ளர் காப்பி கேட்டாள். அவளைப் படியிறக்கிவிட்டு வந்து கதவைச் சாத்தினேன். உள்பக்கம் நான் எழுதின அட்டை, நீல மை மங்காமல் இருந்தது.

அன்று மத்தியானம் அக்காவிடம் சொல்லிவிட்டேன். “எக்கா, அந்த அட்டை நான் வச்சதாக்கும்.”

அவள் கண்ணைத் திறக்கவில்லை. “தெரியும். நீ தட்டத் திருப்பினத நான் கண்டேன்.”

“பின்னே என்னத்துக்கு வராம இருந்த?”

“மார அறுப்பாவன்னு பயமாக்கும். உனக்க அட்டையப் பிடிச்சிட்டு இருந்தேன்.” மூச்சு வாங்கிவிட்டுச் சொன்னாள். “ஒரு நாளு நீ வந்து, அது நான் வச்சது, எழும்புக்கா, போலாம்னு கையப் பிடிச்சு இழுப்பன்னு நெனச்சேன். அப்பிடி வந்திருந்தியானா வந்திருப்பேன்.”

நான் கட்டில் காலில் தலையை முட்டிக்கொண்டு அழுதேன். அவள் தடுக்கவில்லை. அழுது முடிந்த பிறகு, “எதாவது வாசி. நீ எழுதாத்ததா வாசி,” என்றாள்.

வேதத்தைத் திறந்தேன். கண்ணில் பட்ட ஆறுதலையெல்லாம் ஆறு வருடத்தில் எழுதித் தீர்த்திருந்தேன். மீந்தது நான் ஒதுக்கிவைத்த பாதி. அதில் ஒரு சங்கீதம் இருக்கிறது. கூப்பிட்டுக் கூப்பிட்டுக் கண் மங்கிப்போன ஒருவன், ஏன் முகத்தை மறைக்கிறீர் என்று கடவுளிடம் சண்டை பிடிக்கிறான். கடைசி வரிவரைக்கும் பதில் வராது, இருட்டில்தான் முடியும். அதை வாசித்தேன். அக்கா மறுபடியும் வாசிக்கச் சொன்னாள்.

மறுநாள் டீச்சரை வரச் சொல்லி, அவர் தள்ளிவிட்ட அந்தப் பக்கத்தையும் வாசிக்கச் சொன்னாள். டீச்சர் வந்து வாசித்தார். மகனை இழந்த அந்தத் தகப்பனும் கேட்டுக்கொண்டேதான் இருந்தான், அவனுக்கும் பதில் வரவில்லை. அக்கா தலையை ஆட்டி ஆட்டிக் கேட்டாள், பக்கத்தில் தனக்குத் தெரிந்தவர்கள் வந்து உட்கார்ந்ததுபோல. அன்று ஒரு வாய்க் கஞ்சி கூடுதலாகக் குடித்தாள்.

டம்ளரை வாங்கும்போது என் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டாள்.

“இவ்வளவு நல்ல வசனத்த ஏன் மக்கா நீ ஒரு வருசமும் தட்டுல போடல்ல?”