ஓடிப்போன ரிமோட்டும் ஜோடியக்காவும்

பேட்டரி மூடியைக் கழற்றியதும் ஜோடியக்கா முதலில் அதை மோந்து பார்ப்பார். அதற்குப் பிறகுதான் கண் உள்ளே போகும். பேட்டரி கசிந்திருந்தால் ஒரு புளித்த வாசனை. எண்ணெய்க் கை பட்டதென்றால் வேறொரு வாசனை. குழந்தை வாயில் வைத்துக் கடித்த ரிமோட்டுக்குத் தனி வாசனை உண்டு என்பது அவர் கட்சி. கொண்டுவந்தவர் எதிரே நின்று, முந்தாநாள் வரை நன்றாக இருந்தது, நேற்றுக் காலையில்தான் என்று ஆரம்பித்து ஊர்க்கதை முழுக்கச் சொல்லிக்கொண்டிருப்பார். அக்கா காதில் வாங்குவதில்லை. "நீங்க கொஞ்சம் இருங்க, அது சொல்லட்டும்" என்று ரிமோட்டைக் காட்டுவார்.

கடை அவருடைய கணவருடையது. செல்போன் உறைகளும் சார்ஜர் ஒயர்களும் தோரணமாகத் தொங்கும் நாலடி அகலக் கடை. இடது ஓரத்தில் ஒரு ஸ்டூல் போடுகிற அளவுக்கு அக்காவின் ராஜ்ஜியம். டிவியில் செருகி இணையத்திலிருந்து படம் பார்க்கும் சின்னப் பெட்டி இப்போது இல்லாத வீடு இல்லை. அந்தப் பெட்டிக்கும் அதன் ரிமோட்டுக்கும் ஒரு நாள் திடீரென்று பேச்சுவார்த்தை நின்றுவிடும். முறைத்துக்கொண்டு நிற்கும் இரண்டையும் மறுபடி இணைத்து வைப்பதுதான் அக்காவின் வேலை. "ஜோடி சேத்துக் குடுக்கறேன்" என்று ஆரம்பத்தில் அவரே வாயை விட்டார். பேர் ஒட்டிக்கொண்டது. அந்தப் பேரை நம்பி, தம்பிக்கு வரன் பார்க்கச் சொல்லி ஜாதகக் கட்டும் கையுமாக ஒருவர் உண்மையிலேயே வந்து நின்றார். "பேட்டரி போடற ஜோடி மட்டும்தாங்க நம்ம லைன்" என்று அவரை வழியனுப்பி வைத்தார் அக்கா.

வீடுகளுக்குப் போகும்போது ஒரு பழைய சாப்பாட்டுப் பையைத் தோளில் மாட்டிக்கொள்வார். அதில் பென்சில் அழிக்கும் ரப்பர், பல் குத்தும் குச்சி, மொட்டையாகிப்போன டூத்பிரஷ், புது பேட்டரிகள் நாலு. பேட்டரி தொடும் தகடுகளை ரப்பரால் தேய்த்தால் பாதி ரிமோட்டுகளுக்கு உயிர் வந்துவிடும். வராத மீதிப் பாதிக்குத்தான் பத்து விநாடி வைத்தியம். பெட்டியின் ஒயரைப் பிடுங்கிச் செருகி, அது கண் விழிக்கும் நேரம் பார்த்து, வீடு படம் போட்ட ஹோம் பட்டனைப் பத்து விநாடி அமுக்கிப் பிடிக்க வேண்டும்.

இந்தப் பத்து விநாடியில்தான் உலகமே தோற்கிறது என்பார் அக்கா. எண்ணச் சொன்னால் ஒன்று முதல் பத்து வரை ஒரே மூச்சில் ஓட்டிவிட்டு விரலை எடுத்துவிடுகிறார்கள். அதற்கு அவர் கண்டுபிடித்த வழி இது. "உங்க போன் நம்பரை ஒவ்வொண்ணா, எதிர்ல ஒருத்தர் எழுதிக்கற மாதிரி சொல்லுங்க. கடைசி நம்பர் வந்ததும் விரலை எடுங்க." பத்து எண், பத்து விநாடி. யாருமே தன் நம்பரை அவசரமாகச் சொல்வதில்லை. தெருவில் பாதிப் பேருடைய நம்பர் இப்படித்தான் அவருக்கு மனப்பாடம் என்று கணவர் கிண்டல் செய்வார். தனியாக வேலை செய்யும்போது தன் நம்பரையே முணுமுணுத்துக்கொள்வார்.

இணைந்ததும் மைக் பட்டனை அமுக்கி "ஒண்ணு, ரெண்டு, மூணு" என்று சொல்வார். அது திரையில் எழுத்தாக வந்து விழும்வரை அந்த வீட்டிலிருந்து காலை எடுக்க மாட்டார். ஒரு வீட்டில் இணையம் மந்தமாக இருந்தபோது முக்கால் மணி நேரம் அசையாமல் உட்கார்ந்திருந்தார். வீட்டுக்காரர்கள் வேறு வழியில்லாமல் அவரைச் சாப்பிடச் சொன்னார்கள். சாப்பிட்டார்.

ஒன்றே ஒன்று மட்டும் செய்ய மாட்டார்: ரீசெட். பெட்டியில் இருப்பதையெல்லாம் துடைத்துவிட்டுப் புதிதாக ஆரம்பிக்கிற அந்த வேலையைக் கம்பெனிக்குப் போன் செய்தால் முதல் வாக்கியத்திலேயே சொல்லிவிடுவார்கள். அக்காவும் ஒரு காலத்தில் செய்தவர்தான். ஒரு வீட்டில் அப்படித் துடைத்து, இணைத்து, பெருமையாக நிமிர்ந்தபோது அந்த வீட்டு அம்மா கேட்டார்: "எங்க அண்ணன் பாதியில நிறுத்தி வெச்ச படம் ஒண்ணு இருந்துச்சே, அது எங்க?" அண்ணன் போய் ஒரு வருஷம் ஆகியிருந்தது. நாற்பத்தோராவது நிமிடத்தில் அவர் நிறுத்திய இடத்தை அந்த அம்மா தொடாமல் வைத்திருந்தார். அந்த வீட்டுப் பக்கமே போகாமல் இன்றைக்கும் சுற்றிக்கொண்டு போகிறார். அது அவருக்குள் முள்ளாகத்தான் இருக்கிறது.

போன மாதம் துணிக்கடைத் தையல்கார அம்மா ஒருவர் சாப்பாட்டு இடைவேளையில் கடைக்கு வந்தார். கழுத்தில் அளவு நாடா அப்படியே கிடந்தது. ரிமோட்டைக் கொண்டுவரவில்லை.

"வீட்டுக்குத்தான் வரணும். ஆனா ரீசெட் மட்டும் பண்ணக் கூடாது. கம்பெனியில அதான் சொன்னாங்க, நான் போனை வெச்சுட்டேன்."

அக்கா அப்போதே பையை எடுத்துவிட்டார். மிச்சத்தை அந்த அம்மா நடந்துகொண்டே சொன்னார்.

அவர் கணவர் பஸ் டிரைவர். ஏழு மாதத்துக்கு முன்னால் ஸ்டியரிங்கைப் பிடித்தபடியே பக்கவாதம் வந்து வலது பக்கம் விழுந்துவிட்டது. கூடவே பேச்சும் போய்விட்டது. பேச்சுப் பயிற்சி கொடுப்பவர், மைக் பட்டனை அமுக்கி டிவியோடு பேசிப் பார்க்கச் சொன்னார். டிரைவர் சொல்வது மற்றவர் காதுக்கு வெறும் காற்றாகத்தான் கேட்கும். பெட்டி அதைப் பிடித்து, ஏதோ ஒரு சொல்லாக ஊகித்துத் திரையில் எழுதும். எழுதியதையெல்லாம் தேடல் பட்டியலில் சேர்த்தும் வைக்கும். "தண்ணி" முதல் மாதம் "கண்ணி" என்று வந்தது. அப்புறம் "தன்னி". பிறகு ஒரு நாள் சரியாக வந்தே விட்டது. "கதவு" வந்தது. "போதும்" வந்தது. தையல்கார அம்மா தினமும் வேலை விட்டு வந்ததும் செருப்பைக் கழற்றாமல் அந்தப் பட்டியலைத்தான் பார்ப்பாராம்.

"கல்யாணமான நாள்லேர்ந்து என்னை 'இந்தாம்மா'ன்னுதான் கூப்பிடுவார். பேரு சொன்னதே இல்ல. அந்த 'இந்தாம்மா' ஒண்ணு மட்டும் இன்னும் வரல. அதுக்குள்ள இந்த ரிமோட்டு நாலு நாளா படுத்துக்கிச்சு. அவரும் நாலு நாளா மூஞ்சியைத் திருப்பிக்கிட்டு உக்காந்திருக்கார். பட்டியல் போச்சுன்னா, அவர் திரும்பப் பேசவே மாட்டாருங்க. எனக்குத் தெரியும்."

வீடு முதல் மாடியில். டிரைவர் ஜன்னலோரம் நாற்காலியில் இருந்தார். வலது கை மடியில் கிடந்தது. இடது கையில் ரிமோட்டை விடாமல் பிடித்திருந்தார். அக்கா கேட்டதும் மனசில்லாமல்தான் கொடுத்தார்.

மோந்து பார்த்தாயிற்று. ரப்பர் போட்டாயிற்று. புது பேட்டரியும் போட்டாயிற்று. ஒலி கூட்டும் பட்டனைத் தொட்டதும் ரிமோட்டின் தலையில் நீல விளக்கு ஒருமுறை மின்னியது. டிவி கல்லுப் பிள்ளையாராக நின்றது.

அக்காவின் நெற்றி சுருங்கியது. இணையாத ரிமோட்டில் விளக்கு மஞ்சளாகத் துடிக்கும். நீலம் என்றால் இணைந்திருக்கிறது என்று அர்த்தம். இது யாருக்கோ வேலை செய்துகொண்டிருக்கிறது. இந்த வீட்டுக்கு இல்லை.

"சார், நீங்க எப்பவும் எப்படி அமுக்குவீங்களோ, அப்படி ஒரு தடவை அமுக்குங்க" என்று திருப்பிக் கொடுத்தார்.

டிரைவரின் கட்டைவிரல் மைக்கைத் தேடிப் போய், அதற்குக் கீழே இருந்த ஹோமில் உட்கார்ந்தது. உட்கார்ந்த விரல் எழுந்திருக்கவில்லை. எடுக்கத்தான் பார்க்கிறார், அதற்கு நேரமாகிறது. பழக்கதோஷத்தில் அக்காவின் உதடு தன் போன் நம்பரைச் சொல்ல ஆரம்பித்தது. ஆறு, ஏழு, எட்டு எண்கள் ஆயின. பத்தும் முடிந்தன. விரல் அங்கேயே இருந்தது.

அப்போது கூரைக்கு மேலே டிவி ஒன்று தானாக இசை போட்டுக்கொண்டு விழித்தது. "ஐயோ, மறுபடியுமா!" என்று ஓர் ஆண் குரல் அலறியது.

"மேல்மாடியில யாரு?" என்றார் அக்கா.

"பேக்கரிக்காரர் ஒருத்தர். போன வாரம்தான் குடிவந்தாரு."

"புதுப் பெட்டி வாங்கியிருப்பாரு. புதுப் பெட்டி ஆன் பண்ணதும் ரிமோட் ரிமோட்னு தேடும். அந்த நேரம் பார்த்து சார் இங்க பத்து விநாடி அமுக்கியிருக்கார். பழைய ரிமோட்டு மாதிரி இது வெளிச்சத்துல பேசறது இல்லீங்க, ரேடியோ அலையில பேசுது, கூரையெல்லாம் இதுக்கு ஒரு தடையா?" பையைத் தோளில் மாட்டினார். "உங்க ரிமோட்டு மேல்வீட்டோட ஓடிப்போயிடுச்சும்மா. வாங்க, பேசிக் கூட்டிட்டு வரலாம்."

டிரைவரின் வாய் ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டது. அது சிரிப்பு என்று தெரிந்துகொள்ள அக்காவுக்கு ஒரு கணம் பிடித்தது.

பேக்கரிக்காரர் கைலியும் கலைந்த தலையுமாகக் கதவைத் திறந்தார். விடிவதற்குள் வேலைக்குப் போய்ப் பகலில் தூங்குகிறவர். நாலு நாளாகத் தூக்கம் இல்லை என்று கண்ணே சொன்னது. அக்கா சமாச்சாரத்தை எடுத்துச் சொன்னதும் அவர் சுவரில் சாய்ந்துவிட்டார்.

"பேயின்னே முடிவு பண்ணிட்டேங்க. தானா ஆன் ஆகுது. தானா என்னத்தையோ தேடுது. கம்பெனியில கேட்டேன், ரீசெட் பண்ணுன்னாங்க. சாயங்காலம் பண்ணிடலாம்னு இருந்தேன்." மீசையை ஒருமுறை தடவிக்கொண்டார். "நேத்து அதுக்கும் மேல போயிடுச்சு. என்னைப் பார்த்து 'இந்தாம்மா'ங்குது. மீசை வெச்ச ஆம்பளையைப் பார்த்து இந்தாம்மாவாம்! எனக்கு எப்படி இருக்கும்?"

அவர் சிரித்தார். கூடச் சிரிக்க ஆள் இல்லை. தையல்கார அம்மா கழுத்தில் கிடந்த அளவு நாடாவை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றார்.

அக்கா பேக்கரிக்காரரின் ரிமோட்டை வாங்கித் தேடல் பட்டியலைத் திறந்தார். நாலு நாளும் வரிசையாக இருந்தன. கீழே தன் திரை இருட்டாகவே இருந்தும் டிரைவர் விடாமல் மைக்கைத் தேடி அமுக்கிப் பேசியிருக்கிறார். முன்னால் வண்டி நகரவில்லை என்றால் ஹாரனை அடித்துக்கொண்டே இருக்கிற சாதி அல்லவா. இந்தமா. இந்த மான். இந்த மாமா. சிந்தாமணி. இந்த மா. இந்தாம்மா. கீழே மறுபடி இந்தாம்மா. அதற்குக் கீழே ஒரு "பரோட்டா". அது பேக்கரிக்காரர் தேடியது. அப்புறம் இந்தாம்மா.

"நேத்து நான் கடையில சட்டைக்குக் காலர் தெச்சுக்கிட்டு இருந்தேன்" என்றார் அந்த அம்மா, யாரிடமும் இல்லாமல்.

அக்கா அந்த அம்மாவின் போனை வாங்கித் திரையைப் படம் எடுத்துக் கொடுத்தார். செட்டிங்ஸுக்குள் போய்க் கீழ்வீட்டு ரிமோட்டின் பேரை நீக்கினார்.

"லிஸ்ட் இருக்கட்டுங்க, நான் எதையும் அழிக்கல" என்றார் பேக்கரிக்காரர். இப்போது அவருக்குத் தூக்கம் போயிருந்தது.

கீழே வந்து ஒயரைப் பிடுங்கிச் செருகினார் அக்கா. பெட்டி விழித்தது. ஹோமை அமுக்கி, தன் நம்பரை நிதானமாகச் சொன்னார். கடைசி எண்ணில் நீலம் மின்னியது. திரையில் பழைய பட்டியல் ஒரு சொல் குறையாமல் இருந்தது. தண்ணி, கதவு, போதும். பிறகு பாட்டில் மூடி ஒன்றை வாங்கி, அதன் வளையத்தை வெட்டி, ஹோம் பட்டனைச் சுற்றி வேலி போல் ஒட்டினார். இனி அந்த விரல் அங்கே போய் உட்கார முடியாது.

தையல்கார அம்மா சமையலறைக்குள் போனார். பாத்திரம் உருளும் சத்தம் கேட்டது. போட்டோவை அவர் இன்னும் கணவரிடம் காட்டவில்லை.

மிச்சம் இருந்தது சோதனை மட்டும். அக்கா வழக்கம்போல் ரிமோட்டை வாய்க்கருகே கொண்டுபோய், மைக்கில் கட்டைவிரலை வைத்தார். ஒண்ணு ரெண்டு மூணு நாக்கு நுனிக்கு வந்துவிட்டது. திரையில் இருந்த மூன்று சொற்களை ஒருமுறை பார்த்தார். விரலை எடுத்துவிட்டு, ரிமோட்டை டிரைவரின் இடது உள்ளங்கையில் வைத்தார்.

டிரைவரின் விரல் தடவித் தடவி, வளையத்தில் இடித்து, மேலே ஏறி, மைக்கைப் பிடித்தது. அவர் மூச்சை இழுத்தார். காற்றும் எச்சிலும் கலந்த ஒரு சத்தம் வந்தது. அக்கா பக்கத்திலேயே நின்றும் அது என்ன சொல் என்று அவருக்குப் புரியவில்லை. திரையில் வெள்ளை வட்டம் ஒன்று யோசித்தபடி சுற்றத் தொடங்கியது.

"என்னங்க?" என்றது சமையலறைக்குள்ளிருந்து ஒரு குரல்.

வட்டம் இன்னும் சுற்றிக்கொண்டிருந்தது. ஜோடியக்கா குனிந்து பையின் ஜிப்பை இழுத்து மூடினார்.