சொர்க்கத்துக்குத் துணை

தாராவியில் எங்கள் சந்துக்குள் மழைக்காலத்துப் பகல் நீலமாகத்தான் இருக்கும். கூரைமேல் விரித்த தார்ப்பாய் வழியாக இறங்கும் வெளிச்சம் அது. அந்த நீலத்தில், கீழே என் வீட்டுக்காரரின் பட்டறையில் தோல்பை தைக்கிற மிஷின் ஓட, மதியம் நான் மேலே மச்சில் அரைத்தூக்கத்தில் கிடந்தேன். யாரோ ஓதுகிற சத்தம். மதரஸாவில் என் மகள் ஓதப் பழகிய அதே வரிகள். குரல் மட்டும் அவளுடையது இல்லை. கனவென்றே நினைத்து அதிலேயே மிதந்துகொண்டிருந்தேன்.

கண்ணைத் திறந்தால், ஏணி வாசலில் அடுத்த வீட்டுப் பிள்ளை என் மகளின் முக்காட்டுத் துணியைப் போட்டுக்கொண்டு ஓதுகிறாள். என் மகள் டீச்சர் கணக்காக விரலை ஆட்டி, மறுபடி சொல்லச் சொல்லி இந்தியில் அதட்டுகிறாள். ஏணியில் பாதி ஏறியபடி, கையில் குழம்புக் கிண்ணத்தோடு, அந்தப் பிள்ளையின் அம்மா நிற்கிறாள்.

எனக்கு உயிரே போய்விட்டது. அவர்கள் இந்து, நாங்கள் முஸ்லிம். இரண்டு பேருக்கும் திருநெல்வேலிப் பக்கம் என்பதால், மதினி முறை வைத்து மைனி என்றே கூப்பிட்டுக்கொள்வோம். என் பிரசவ வலியில் கூடவே இருந்து கையைப் பிடித்திருந்தவள். இன்றைக்கு நாடு கிடக்கிற கிடையில் பிள்ளையை மதம் மாற்றுகிறோம் என்று நினைக்க இது ஒன்று போதுமே, அவள் என்னைவிட்டுப் போக!

“என்ன கூத்துளா இது?” என்று மகளைப் பிடித்து உலுக்கினேன்.

அவள் அழுதுவிட்டாள். “ஓதத் தெரிஞ்சாத்தான் சொர்க்கத்துல விடுவாங்களாம் உம்மா. நான் மட்டும் போயி அங்க யார்கூட வெளையாட?”

முக்காட்டுக்காரி முந்திக்கொண்டாள். “நானும் இவளுக்கு நம்ம கோயில் வகுப்புப் பாட்டெல்லாம் சொல்லிக் குடுத்துட்டேம்மா. நம்ம சொர்க்கத்துலயும் இவள விடணும்லா?”

“அடப் பாவி மக்கா!” மைனி சிரித்தேவிட்டாள். “இதுக்கா மைனி இப்படி வெளிறிப்போயி நிக்கிய?”

அப்பாடா என்றிருந்தது. நானும் சிரித்தேன். கிண்ணத்தை வாங்கி வைத்தேன்.

மகள் மட்டும் சிரிக்கவில்லை. மூக்கைத் துடைத்துக்கொண்டு கேட்டாள்: “உம்மா, நீ அத்தைக்குச் சொல்லிக் குடுத்துட்டியா?”

மைனி என்னைப் பார்த்தாள். பிறகு மேலே ஏறி வந்து, என்னை ஒட்டி உட்கார்ந்தாள்.

“நாங்க ரெண்டு பேரும் இங்கயே இருந்துக்கிடுதோம் தாயி” என்றாள்.