அம்மாவுக்கு மெட்ரோவில் வந்த ப்ரமோஷன்

இன்று காளிகாட்டில் மெட்ரோ ஏறியதுமே அம்மா போனில் தன் விவசாய விளையாட்டைத் திறந்தாள். விளையாட்டுக் கணக்கில் மூன்று வருஷம் பண்ணை நடத்தியதற்கு இன்றுதான் மதிப்பீடு.

"நாலு ஸ்டாருக்கு நாலும் வந்துடுச்சுடி!" என்று கத்திவிட்டாள்.

பக்கத்து சீட் பெங்காலிப் பெண், "கீ ஹோலோ, மாஷிமா?" என்று, அம்மாவுக்கு என்ன ஆச்சோ எனப் பதறினாள்.

"ப்ரமோஷன்!" என்றாள் அம்மா. ரிடையராகி ஆறு வருஷம் ஆகிறது.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. கிடர்பூர் ஆபீஸில் வருஷா வருஷம் அம்மாவைப் பற்றி ரிப்போர்ட் எழுதுவார்கள். 'திருப்திகரம்' என்பதைத் தாண்டி ஒரு வார்த்தை வந்ததில்லை. ரிப்போர்ட் வந்த அன்று சாயங்காலம் வீட்டுக்கு வந்து, எனக்குத் தலை பின்னிவிடுவாள். சடை மட்டும் வழக்கத்தைவிட இறுக்கமாக இருக்கும்.

"இந்த ரிப்போர்ட்டை யாரும்மா எழுதினா?" என்று கேட்டேன்.

"யாரோ. ஆனா தினமும் மாட்டுக்குத் தீனி போட்டதைக்கூட கவனிச்சிருக்காங்கடி."

"அப்போ மிஷ்டி எங்கே, மாஷிமா?" என்று இனிப்பு கேட்டுச் சிரித்துவிட்டு அந்தப் பெண் இறங்கிப்போனாள். அம்மா அதை நிஜமாகவே எடுத்துக்கொண்டாள். இப்போது இருபது சந்தேஷ் இனிப்போடு எங்கள் குடியிருப்பில் மாடி மாடியாக ஏறிக்கொண்டிருக்கிறாள்.

எந்த ஆபீஸில் ப்ரமோஷன் என்று கேட்டு அக்கம்பக்கத்தார் வந்தால், நான் என்ன சொல்லட்டும்?