இடுப்பில் ஒரு கூடை

1930களில் தஞ்சாவூரிலிருந்து கப்பலேறி இலங்கை மலையகத்து அட்டனுக்கு வந்த கவிஞர் ஒருவர், நான் வேலை பார்த்த துணிக்கடையின் மாடியில் குடியிருந்தார். அட்டை கடிக்குமென்று கடைத்தெருவில்கூட முழங்கால்வரை காலுறை மாட்டியிருப்பார். ஒரு தேயிலைத் தோட்டத்திலும் கால் வைக்காமல், தோட்டத்துத் துயரத்தை வாராவாரம் கட்டுரையாக எழுதுவார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, சேலை வாங்க வந்த கொழுந்து பறிக்கும் பெண்ணிடம் தம் பாட்டைப் பாடிக் காட்டினார். அதில் ஒருத்தி இடுப்பில் கூடையோடு மலையேறினாள்.

“கூடை முதுகுலதாங்க தொங்கும். கயிறு அறுத்த தழும்பப் பாருங்க,” என்று அவள் தன் தலையைக் காட்டினாள்.

“பாட்டுக்கு இடுப்புதாம்மா அழகு,” என்றார்.

தொழிலாளருக்கு ரசனை போதாதென்று மறுவாரமே கட்டுரை வந்தது. அதைக்கூட மன்னித்துவிட்டேன். ஆனால் அன்று சேலையோடு படியிறங்கியவள் அந்தப் பாட்டைத்தான் முணுமுணுத்துக்கொண்டு போனாள். அதுதான் எனக்கு இன்னும் எரிகிறது.