மூப்பறியா நகரமும் தந்தையாரின் நாற்காலியும்

எங்கள் முன்னறையில் உள்ள தேக்கு நாற்காலி என் தந்தையாருடையது. பிரம்புப் பின்னலைப் புதுப்பித்தாயிற்று. கைப்பிடிகளில் அவர் உள்ளங்கை ஏற்றிய பளபளப்பு மட்டும் இன்னும் போகவில்லை. அவர் காலத்தில் அதன் எதிரே மருமகள் எவரும் உட்கார்ந்ததில்லை. அவருக்குப் பின் மூத்த மகன் என்ற முறையில் நான் அதில் அமர்ந்தேன். அதைப் பெருமையாகவே கருதினேன். இப்போது அதில் உட்காரும்போதெல்லாம் மனம் கலங்குகிறது. காரணம் என் துணைவியார். வீட்டுச் செய்தியைப் பொதுவில் எழுதும் வழக்கம் எனக்கில்லை. ஆயினும் எழுதுகிறேன்.

திருமணமான புதிதில் அவரை ஒரே ஒருமுறை திரைப்படத்துக்கு அழைத்துச் சென்றேன். அந்நாளில் திருப்பூரில் ஞாயிறு காலைக் காட்சியாக ஆங்கிலப் படம் போடுவார்கள். கோவையில் கல்லூரியில் படித்தவன் என்ற மிடுக்கில் தந்தையாரிடம் சொல்லாமலே கிளம்பிவிட்டேன். மலைகளுக்கு நடுவே உலகம் மறந்துபோன ஒரு நகரம். அங்கே மூப்பும் சாவும் தீண்டாத ஓர் அரசி. முற்பிறவியில் பிரிந்தவன் ஒருநாள் திரும்பி வருவான் என்று பல நூறு ஆண்டுகளாகக் காத்திருக்கிறாள். நான் தாழ்ந்த குரலில் வசனங்களைத் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தேன். "ஏனுங்க, அத்தன வருசத்துல அந்தம்மாளுக்கு ஒத்த முடி கூடவாங்க நரைக்கல?" என்று கேட்டு அவர் சிரித்தார். அவர் அப்படி வாய்விட்டுச் சிரித்ததை அதற்குமுன் நான் கேட்டதில்லை.

இடைவேளை முடிந்து விளக்கணைந்ததும் படத்துக்குப் பதிலாகத் திரையில் ஒரு சிலைடு விழுந்தது. அவசரச் செய்தி என்றால் கண்ணாடித் துண்டில் எழுதித் திரையில் காட்டுவது அக்காலக் கொட்டகை வழக்கம். எங்கள் பனியன் கம்பெனியின் பெயரும் என் பெயரும், உடனே வீட்டுக்கு வரவும் என்ற வாசகமும் ஆளுயர எழுத்தில் நின்றன. யாருக்கு என்ன ஆயிற்றோ என்று பதறி ஓடிவந்தோம். யாருக்கும் எதுவும் ஆகியிருக்கவில்லை. தந்தையார் இந்த நாற்காலியில் சாய்ந்திருந்தார். என்னைப் பார்க்காமல், கதவோரம் தலைகுனிந்து நின்ற என் துணைவியாரைப் பார்த்தார். "ஏங்கண்ணு, என்னையொரு வார்த்த கேட்டிருந்தா நானே வண்டி வெச்சு அனுப்பியிருப்பனே. கம்பெனிக்காரன் மருமக கொட்டாயில உக்காந்திருக்கறான்னு ஊரு பேசோணுமா?" என்றார். ஊருக்கு அறிவித்தவரே அவர்தாம் என்பதைச் சொல்லும் துணிவு எங்கள் வீட்டில் எவருக்கும் இல்லை.

அதன்பின் சினிமாவுக்குப் போகலாம் என்று என் துணைவியார் கேட்டதே இல்லை. எப்போதாவது சோறு பரிமாறும்போது, "அந்த ராணி கடைசில என்னானாளுங்க?" என்று மட்டும் கேட்பார். நண்பர்கள் சொல்லி முடிவு எனக்குத் தெரியும். "அதெல்லாம் இப்ப எதுக்கு?" என்று கைகழுவ எழுந்துவிடுவேன்.

சென்ற ஆண்டு முதல் அவர் நினைவு பின்னோக்கி நடக்கத் தொடங்கியது. மூட்டுவலி என்று உறவினர்களிடம் சொல்லி, அவரை எந்தக் கல்யாணத்துக்கும் அழைத்துப் போகாமல் பார்த்துக்கொண்டேன். ஒருநாள் காலை நாளிதழுடன் நாற்காலியில் இருந்தபோது, அவர் முந்தானையை இழுத்துத் தோளை மூடிக் கதவோரம் ஒதுங்கி நின்று, "மாமா, காப்பி கொண்டாரட்டுங்களா?" என்றார். வாழ்நாளெல்லாம் என்னை 'ஏனுங்க' என்றே அழைத்தவர். அந்த 'மாமா' என் தந்தையாருக்கு உரியது. என் நரையும் கண்ணாடியும் இந்த நாற்காலியும் சேர்ந்து என்னை அவராக்கிவிட்டன. இப்போது என்னை மாமா என்றழைப்பவர் வீட்டில் இருவர். மருமகளாவது எதிரே சோபாவில் உட்கார்ந்து பேசுவாள். என் துணைவியார் நின்றேதான் இருப்பார்.

சென்ற ஞாயிறு பிற்பகல் தொலைக்காட்சியில் அதே படம் தமிழ்க் குரலுடன் ஓடியது. மகன் பெருமாநல்லூர் யூனிட்டுக்குப் போயிருந்தான். மருமகளும் நானும் பார்த்துக்கொண்டிருந்தோம். என் துணைவியார் கதவோரம் நின்றிருந்தார். விளம்பரம் வந்ததும் தயங்கித் தயங்கி என்னருகே வந்தார்.

"மாமா, ஒண்ணு கேக்கோணுங்க. படத்துக்குப் போலாம்னு அவரு சொன்னாருங்க. போனவாட்டி உங்களக் கேக்காமப் போனது தப்புத்தானுங்க. இந்தவாட்டி நீங்க செரின்னாத்தான் போவனுங்க."

மருமகள் என் முகத்தைப் பார்த்தாள். "செரின்னு சொல்லிப்போடுங்க மாமா" என்றாள் மெதுவாக.

என் தொண்டையிலிருந்து தந்தையாரின் குரல்தான் வந்தது; சொற்கள் அவருடையவை அல்ல. "போயிட்டு வா கண்ணு. ரெண்டு பேரும் முழுசாப் பாத்துப்போட்டு வாங்க."

அவர் முகம் மலர்ந்தது. சேலை மாற்ற உள்ளே போனார். அதற்குள் திரையில் மீதிப் படம் ஓடி முடிந்தது. திரும்பி வந்தவனோடு அரசி நகர எல்லையைத் தாண்டுகிறாள். தள்ளி நின்ற வயதெல்லாம் ஒரே கணத்தில் அவள்மேல் வந்து விழுகிறது. என் துணைவியார் இந்த முறையும் அதைப் பார்க்கவில்லை.

பட்டுச்சேலையும் தலை நிறையப் பூவுமாக வந்து வாசலைப் பார்த்து நின்றார். வெகுநேரம் நின்றார். "ஏனுங் மாமா, அவரு இன்னும் வரலீங்களே. உங்க மகனுக்கு எப்பவும் கம்பெனிதானுங்க மொதல்ல" என்று சொல்லி, பெரியவரிடம் இப்படிப் பேசிவிட்டோமே என்று வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். கொட்டகையில் நான் கேட்ட அதே சிரிப்பு.

பின்பக்கமாக வெளியேறித் தெருவைச் சுற்றி, யார் பார்த்தாலும் பார்க்கட்டும் என்று, வாசல் வழியாக அவருடைய கணவனாக நடந்து வரலாம் என்று தோன்றியது. கைப்பிடிகளை ஊன்றி எழுந்தேன். அவர் திடுக்கிட்டுப் பின்வாங்கி, முந்தானையை இழுத்துத் தோளை மூடிக்கொண்டார்.

"ஐயோ, நீங்க எதுக்குங்க எந்திரிக்கறீங்க? உக்காருங்க மாமா. அவரு வந்துருவாருங்க."

நான் மறுபடியும் நாற்காலியில் உட்கார்ந்தேன்.