வல்லாரைக்கு ஒரு பந்தல்

விஜயநகர் மார்க்கெட்டில் ஒரு கட்டு வல்லாரைக் கீரையை முகர்ந்ததும், மகாராஜா காலத்தில் நாங்கள் குடியிருந்த மைசூர் வீட்டின் கிணற்றடியும், அங்கே பலாமர நிழலில், பாத்திரம் கழுவிய நீர் ஓடும் வழியெல்லாம் அம்மா படரவிட்டிருந்த வல்லாரையும் நினைவுக்கு வந்தன. அப்பா ஹனூர்க்காரர், ராகிக் காட்டில் வளர்ந்து குமாஸ்தா ஆனவர். “வெயிலு படாம எது வெளையும்?” என்று ஒரு ஞாயிற்றுக்கிழமை பலாக்கிளைகளை வெட்டித் தள்ளினார். நான்கே நாளில் வல்லாரை கருகத் தொடங்கியது.

அம்மா சண்டை போடவில்லை. அப்பா ஆபீசுக்குக் கட்டிப்போகும் நீளமான தலைப்பாகைத் துணியைப் பிரித்து, நான்கு குச்சி நட்டு, வல்லாரைக்கு மேலே பந்தலாகக் கட்டிவிட்டாள்.

“ஏனுங்க, வெயிலு உங்களுக்கு நல்லதுதானுங்களே?” என்றாள், ஆபீசுக்குக் கிளம்பித் தலைப்பாகையைத் தேடிய அப்பாவிடம்.

வெறுந்தலையோடு போனால் ஆபீசில் உள்ளே விடமாட்டார்கள். அப்பா லீவு எழுதி அனுப்பிவிட்டு, கிணற்றில் நீர் இறைத்து வல்லாரைக்கு ஊற்றினார்.